வேட்டை ரைபிளும் திறந்த போல்ட்டும்: சேரிடம் கேட்டவை

மலையகப் பாடசாலை ஒன்றின் கடேற் பிரிவுக்கு நீண்ட காலம் சுடும் பயிற்சி கொடுத்து ஓய்வுபெற்ற ஆசிரியர், போல்ட் ரைபிளைப் பற்றி உறுப்பினர்கள் கேட்டவற்றுக்குப் பதில் தருகிறார்.

சேர்: எல்லோருக்கும் வணக்கம். வந்த கேள்விகளில் பாதி, துவக்கு சுடாமல் தடுக்கும் சேஃப்டிப் பூட்டைப் பற்றியவை. நான் போல்ட்டிலிருந்துதான் தொடங்குவேன். குழலின் பின்பக்கத்தை மூடித் திறக்கும் இரும்புத்தண்டுதான் போல்ட். போல்ட்டைப் பின்னுக்கு இழுத்துத் திறந்து வைத்திருக்கும் ரைபிள் வெடிக்காது. அது திறந்திருப்பது பத்தடி தள்ளி நிற்பவருக்கும் தெரியும். சேஃப்டி போட்டிருக்கிறதா இல்லையா என்பது துவக்கைப் பிடித்திருப்பவருக்கே பல நேரம் நிச்சயமாகத் தெரியாது. இதை மனதில் வைத்துக்கொண்டு மற்றதைப் படியுங்கள்.

கேள்வி (டொரோண்டோ; சொந்த ஊர் பதுளை): சேர், இங்கே பாதுகாப்புப் பாடநெறி முடித்து, லைசன் எடுத்து, மான் வேட்டைக்கு முதல் ரைபிள் வாங்கிவிட்டேன். தோட்டா ஏற்றுவதை ஆரம்பத்திலிருந்து ஒருமுறை சொல்ல முடியுமா?

பதில்: சொல்கிறேன் தம்பி, கொஞ்சம் நீளும்.

முதலில் குழல் வாய் எங்கே பார்க்கிறது என்று பாருங்கள். சுட்டால் யாருக்கும் எதற்கும் சேதம் வராத திசையில் மட்டும் அது இருக்க வேண்டும். விரல் விசைக்கு வெளியே, மரக்கட்டையோடு நீட்டிக் கிடக்கட்டும். போல்ட்டைத் திறந்து சேம்பரைப் பாருங்கள். குழலின் பின்முனையில் தோட்டா போய் உட்காரும் குழிதான் சேம்பர். பார்த்தது போதாது, சுண்டு விரலை விட்டுத் தடவியும் பாருங்கள், இருட்டில் கண் ஏமாற்றும். பிறகு போல்ட்டை முழுதாகக் கழற்றி, பின்பக்கத்திலிருந்து குழலுக்குள் வெளிச்சம் தெரிகிறதா என்று பாருங்கள். துடைத்த துணித்துண்டு, சேறு, குளவி கட்டிய மண் எதுவும் உள்ளே இருக்கக் கூடாது. அடைப்பு உள்ள குழலில் சுட்டால் குழலே பிளக்கும்.

அடுத்தது தோட்டா. குழலில் வெட்டியிருக்கும் எழுத்தும் தோட்டாக் கோதின் அடியில் இருக்கும் எழுத்தும் ஒன்றாக இருக்க வேண்டும். "கிட்டத்தட்ட அதே அளவு" என்ற பேச்சே இதில் கிடையாது. .270 தோட்டாவும் .280 தோட்டாவும் பார்க்க அண்ணன் தம்பி போல இருக்கும், ஒன்றின் சேம்பரில் மற்றதைப் போட்டுச் சுடக் கூடாது. வேட்டைக்குப் போகும்போது சட்டைப் பையில் ஒரே வகைத் தோட்டா மட்டும் இருக்கட்டும்.

இனி ஏற்றுவது. தோட்டாக்களை அடுக்கி வைக்கும் பெட்டிதான் மகசின். அதில் தோட்டாக்களை ஒவ்வொன்றாக அழுத்துங்கள். சன்னம் முன்னுக்கு, கோதின் அடி பின்சுவரோடு ஒட்டி. போல்ட்டை முன்னுக்குத் தள்ளும்போது அது மேல் தோட்டாவைப் பிடுங்கிச் சேம்பருக்குள் கொண்டுபோகும். கைப்பிடியைக் கீழே மடக்கினால் பூட்டிக்கொள்ளும். அந்த நொடியிலிருந்து ரைபிள் தயார். ஆகையால் அந்தக் கடைசி வேலையை வீட்டில் செய்யாதீர்கள், வாகனத்தில் செய்யாதீர்கள், நடந்துகொண்டும் செய்யாதீர்கள். சுடும் இடத்தில் நின்று, முன்னால் என்ன, அதற்கும் அப்பால் என்ன என்று பார்த்த பிறகு செய்யுங்கள்.

தள்ளுவதை அரைகுறையாகச் செய்யக் கூடாது. ஏன் என்று விளக்குகிறேன், இது பலருக்குத் தெரியாது. இப்போது வரும் ரைபிள்களில் பலவற்றில், போல்ட்டை மூடி மடக்கும்போதுதான் அதன் கொக்கி தோட்டாவின் விளிம்பைப் பிடிக்கும். நீங்கள் பாதி தள்ளிவிட்டு மனம் மாறிப் பின்னுக்கு இழுத்தால், முதல் தோட்டா கொக்கியில் மாட்டாமல் சேம்பரிலேயே தங்கிவிடும். மறுபடி தள்ளும்போது இரண்டாவது தோட்டாவின் கூர்முனை, முதல் தோட்டாவின் அடியில் உள்ள கேப்பை, அதாவது அடிபட்டதும் பற்றி மருந்தைக் கொளுத்தும் சிறு மூடியை, போய்க் குத்தும். போல்ட் பூட்டாத நிலையில் அது வெடித்தால் கோது கிழிந்து முகத்துக்கு வரும். 1898ஆம் ஆண்டு மௌசர் ரைபிளில் கொக்கி, தோட்டா மகசினிலிருந்து மேலே வரும்போதே பிடித்துக்கொள்ளும். அந்த அமைப்பை இன்றும் விரும்புகிறவர்கள் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். உங்களுடையது எந்த வகை என்று கடைக்காரரிடம் கேளுங்கள். எந்த வகையானாலும், தள்ளத் தொடங்கினால் மூடுங்கள். பிறகு வேண்டுமானால் திறந்து எடுங்கள்.

காதுக்குக் கவசம், கண்ணுக்குக் கண்ணாடி. வேட்டை ரைபிளின் ஒரு வெடி போதும், காது நிரந்தரமாகக் கெட.

கேள்வி (அதே உறுப்பினர்): இறக்கும்போது?

பதில்: மகசின் கழற்றக்கூடியதென்றால் முதலில் அதைக் கழற்றுங்கள், பிறகு போல்ட்டைத் திறந்து சேம்பரில் இருப்பதை எடுங்கள். வரிசை மாறினால் என்ன நடக்கும்? போல்ட்டை இழுத்ததும் ஒரு தோட்டா வெளியே விழும். "சரி, இறக்கிவிட்டேன்" என்று போல்ட்டை மூடுவீர்கள். மகசினில் மிச்சமிருந்த அடுத்த தோட்டா அமைதியாகச் சேம்பருக்குள் போய் உட்கார்ந்துவிடும். தோட்டா கீழே விழுந்ததைக் கண்ணால் பார்த்த நம்பிக்கையில் அடுத்து விசையை அழுத்துவார்கள். ஏற்றியது எத்தனை, எடுத்தது எத்தனை என்று எண்ணுங்கள். எண்ணிய பிறகும் சேம்பரில் விரலை விட்டுப் பாருங்கள்.

கேள்வி (ஹட்டன்): சேஃப்டி போட்டால் தோட்டாவோடு நடக்கலாம்தானே ஐயா? எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள்.

பதில்: சேஃப்டி ஒரு சிறு இரும்புத்துண்டு. தேயும், அழுக்கு ஏறும், செடி பட்டு நகரும். போடத்தான் வேண்டும், அதை நம்பி நடக்கக் கூடாது. மௌசரின் சேஃப்டிக்கு மூன்று நிலை உண்டு. இடதுபக்கம் சாய்ந்தால் சுடும். நேராக நின்றால் சுடாது, ஆனால் போல்ட்டைத் திறக்கலாம். வலதுபக்கம் சாய்ந்தால் போல்ட்டும் பூட்டிக்கொள்ளும். நடு நிலையில் வைத்து இறக்குவது நல்ல ஏற்பாடு. 1982க்கு முன் வந்த ரெமிங்டன் 700 ரைபிள்களில் இது இல்லை. சேஃப்டியை எடுத்தால்தான் போல்ட் திறக்கும். தோட்டாவை இறக்குவதற்கே சுடும் நிலைக்குப் போக வேண்டும். பழைய ரைபிள் ஒன்று கைக்கு வந்தால், தோட்டா இல்லாமல் இதைச் சோதித்துத் தெரிந்துகொண்டு பிறகு பயன்படுத்துங்கள்.

இன்னொரு பழக்கமும் உண்டு. தோட்டா சேம்பரில் இருக்கும்போது விசையை அழுத்திப் பிடித்தபடி மெதுவாகப் போல்ட்டை மடக்குவார்கள், கேப்பை அடிக்கும் ஊசி தளர்ந்திருக்கும், பாதுகாப்பு என்று. பல ரைபிள்களில் அப்போது ஊசியின் நுனி கேப்பின்மேலேயே கிடக்கும். பின்பக்கம் ஒரு அடி பட்டால் போதும். தயவுசெய்து செய்யாதீர்கள்.

நடப்பதைப் பற்றி: நம் மலைச்சரிவில் மழை பெய்தால் களிமண் எப்படி வழுக்கும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. கான் தாண்டும்போதும், கம்பிவேலி ஏறும்போதும், அட்டை ஏறிவிட்டது என்று குனியும்போதும் சேம்பர் காலியாக இருக்க வேண்டும். வேலி தாண்டுவதென்றால் போல்ட்டைத் திறந்து, துவக்கை அந்தப் பக்கம் தரையில் படுக்க வைத்து, குழல் வாய்க்கு எதிர்ப்பக்கமாக ஏறிப் போங்கள். இரண்டு பேர் என்றால் ஒருவர் கடந்த பிறகு மற்றவர் திறந்த போல்ட்டோடு கொடுக்கட்டும். வாங்குகிறவரும் சேம்பரைப் பார்க்க வேண்டும். கொடுத்தவர் கோபிக்க மாட்டார். கோபித்தால் அவரோடு போகாதீர்கள்.

கேள்வி (கண்டி, கடேற் மாணவி): சேர், எங்களுக்கு .303 லீ-என்ஃபீல்ட் ரைபிள் காட்டினார்கள். தோட்டா ஏற்றும்போது அடிக்கடி சிக்குகிறது. பெடியன்கள் கையால் அடித்து மூடச் சொல்கிறார்கள்.

பதில்: அடிக்கவே கூடாது மகள். .303 தோட்டாவின் அடியில் வெளியே நீட்டிய விளிம்பு இருக்கும். மேல் தோட்டாவின் விளிம்பு கீழ்த் தோட்டாவின் விளிம்புக்கு முன்னால் இருக்க வேண்டும். பின்னால் போய்விட்டால் மேலதை நகர்த்தும்போது கீழதும் சேர்ந்து இழுபடும், சிக்கும். குழலைப் பாதுகாப்பான பக்கம் வைத்து, மகசினைக் கழற்றி, எல்லாவற்றையும் எடுத்து, விளிம்புகளைச் சரியாக அடுக்குங்கள். லீ-என்ஃபீல்டில் போல்ட்டை மூடும் கடைசிப் பகுதியில் கொஞ்சம் இறுக்கம் தெரியும், அங்கேதான் ஊசியின் வில்சுருள் அமுங்குகிறது. அது அதன் இயல்பு. அதைத் தவிர வேறு தடை தெரிந்தால் கையை நிறுத்தி, பயிற்சி அலுவலரைக் கூப்பிடுங்கள்.

கேள்வி (மெல்பர்ன், ஊர் மஸ்கெலியா): விசையை அழுத்தினேன், "டிக்" என்றது, வெடிக்கவில்லை. உடனே திறந்துவிட்டேன். நண்பர் திட்டினார். சரியா?

பதில்: நண்பர் சரி. சில நேரம் கேப் மெதுவாகப் பற்றி, தோட்டா தாமதித்து வெடிக்கும். குழலை இலக்கை நோக்கியே பிடித்தபடி குறைந்தது 30 விநாடி காத்திருங்கள், ஒரு நிமிடம் என்றால் இன்னும் நல்லது. பிறகு முகத்தை விலக்கிப் போல்ட்டைத் திறந்து எடுங்கள்.

இதைவிட ஆபத்தானது அரைச்சத்தம். வழக்கமான வெடியும் உதையும் இல்லாமல் "புஸ்" என்று மட்டும் வந்தால், சன்னம் குழலின் நடுவில் நின்றிருக்கலாம். இன்னொன்றை ஏற்றாதீர்கள். அதே அளவு காத்திருந்து, இறக்கி, போல்ட்டைக் கழற்றிக் குழலுக்குள் பாருங்கள். வெளிச்சம் தெரியாவிட்டால் வேட்டை அன்றைக்கு முடிந்தது, துவக்குத் திருத்துபவரிடம் கொண்டுபோங்கள்.

கேள்வி (வெலிமடை): கிழங்குத் தோட்டத்தைப் பன்றி கிண்டிவிட்டுப் போகிறது. 12 போர் ஷொட்கன்னுக்கு லைசன் இருக்கிறது. ரைபிள் கிடைத்தால் எதிர்ச்சரிவில் நிற்கிற பன்றியையும் சுடலாம் அல்லவா அண்ணே?

பதில்: உங்கள் நட்டம் எனக்குப் புரிகிறது தம்பி. ஒரு இரவில் ஒரு போகத்து உழைப்பே போய்விடும். ஆனாலும் ரைபிள் ஆசையை விடுங்கள். 1916ஆம் ஆண்டின் சுடுகலன்கள் கட்டளைச் சட்டப்படி லைசன் இல்லாமல் எந்தத் துவக்கையும் வைத்திருக்க முடியாது, பயிர்ப் பாதுகாப்புக்கென்று இங்கே கொடுப்பது பெரும்பாலும் ஷொட்கன்தான். அதற்கு நியாயமும் இருக்கிறது. சிறிய .22 தோட்டாவின் சன்னமே ஒன்றரை மைல் போகக் கூடியது. பெரிய வேட்டை ரைபிளின் சன்னம் அதைப்போல இரண்டு மடங்குக்கு மேல் போகும். உங்கள் எதிர்ச்சரிவுக்குப் பின்னால் என்ன இருக்கிறது? லயமா, கோயிலா, விடிய முன்னமே பிள்ளையை மடுவத்துக்குத் தூக்கிக்கொண்டு போகிற தாயா? மலை முகட்டில், வானம் பின்னால் தெரிய நிற்கிற விலங்கை ஒருபோதும் சுடக் கூடாது என்று சொல்வது இதனால்தான். சன்னத்தை வாங்கிக்கொள்ள விலங்குக்குப் பின்னால் மண் இருக்க வேண்டும். மூடுபனியில், தேயிலைச் செடிக்குள் ஏதோ அசைகிறது என்று சுடுவது கொலைக்குச் சமம். கொழுந்து பறிக்கிறவர் குனிந்தால் செடிக்கு மேல் எதுவும் தெரியாது. டோர்ச் வெளிச்சத்தில் மின்னும் கண் பன்றியுடையதுதானா என்று முழு உருவத்தையும் பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும். மரை, மான் வகைகளை 1937ஆம் ஆண்டின் வனவிலங்கு தாவரப் பாதுகாப்புச் சட்டம் காப்பதால், தவறாகச் சுட்டால் வழக்கும் வரும்.

உங்கள் 12 போருக்கு ஒரு எச்சரிக்கை. 20 போர் தோட்டா வீட்டில் இருந்தால் அப்புறப்படுத்துங்கள். அது 12 போர் சேம்பரில் வழுக்கி உள்ளே போய்க் குழலில் நின்றுவிடும். சேம்பர் காலி போலத் தெரியும். பின்னால் 12 போர் போட்டுச் சுட்டால் குழல் வெடிக்கும், தாங்கிப் பிடித்த கை அங்கேதான் இருக்கும். 20 போர் தோட்டாக்கள் மஞ்சள் நிறத்தில் வருவது இதைத் தடுக்கத்தான்.

கேட்காததையும் சொல்கிறேன்: கட்டுத்துவக்கு கட்டாதீர்கள். அது சட்டவிரோதம். கயிற்றைத் தட்டுவது பன்றியா, விறகுக்குப் போன அக்காவா என்று அதற்குத் தெரியாது. கால் போனவர்களை நம் ஊர்களில் நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

கேள்வி (பண்டாரவளை, ஒரு தாய்): கணவர் துவக்கை அலுமாரிக்கு மேலே வைக்கிறார். பிள்ளைகளுக்கு எட்டாது என்கிறார். எனக்குப் பயமாக இருக்கிறது.

பதில்: உங்கள் பயம் சரியானது தங்கச்சி. கதிரையை இழுத்துப்போட்டு ஏறப் பிள்ளைக்கு ஒரு நிமிடம் போதும். துவக்கு பூட்டிய பெட்டியில், தோட்டா வேறு இடத்தில் வேறு பூட்டோடு. போல்ட் ரைபிள் என்றால் போல்ட்டைக் கழற்றித் தனியாகப் பூட்டி வைக்கலாம், அது இல்லாமல் ரைபிள் சுடாது. திறப்பு பெரியவர்களிடம் மட்டும். பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள்: துவக்கைக் கண்டால் தொடாதே, அங்கிருந்து போ, பெரியவரிடம் சொல். கணவரிடம் நான் சொன்னதாகவே சொல்லுங்கள்.

கேள்வி (நுவரெலியா): ஈரத்தில் துருப் பிடிக்கிறது. எண்ணெய் ஊற்றி வைக்கலாமா?

பதில்: மெல்லிய பூச்சுப் போதும். சுத்தம் செய்யத் தொடங்கும் முன் சேம்பரைப் பாருங்கள், தோட்டாக்களை அந்த அறையிலிருந்தே வெளியே வையுங்கள். குழல் துடைக்கும் கம்பியைப் பின்பக்கத்திலிருந்து விடுங்கள், குழல் வாய் தேயாது. சுடப் போகும் முன் குழலுக்குள் உள்ள எண்ணெயை உலர்ந்த துணியால் துடைத்துவிடுங்கள். துணி உறைக்குள் மாதக்கணக்கில் வைக்காதீர்கள், ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும். குளிரில் நின்ற துவக்கை அடுப்பெரியும் வீட்டுக்குள் கொண்டுவந்தால் வியர்க்கும், துடைத்துவிட்டுப் பூட்டுங்கள்.

கேள்வி (ஹப்புத்தளை): அப்பப்பா தோட்டத்துப் பங்களாவில் வேலை செய்தவர். அவருடைய டிரங்குப் பெட்டியில் பழைய ரைபிள் ஒன்றும், பச்சை பிடித்த தோட்டா மூன்றும் கிடைத்தன. லைசன் எதுவும் இல்லை. பஸ்ஸில் பொலிசுக்குக் கொண்டுபோகலாமா?

பதில்: வேண்டாம், லைசன் இல்லாத துவக்கோடு வழியில் நின்றால் நீங்களே மாட்டிக்கொள்வீர்கள். இருக்கும் இடத்திலேயே விட்டு, அறையைப் பூட்டி, கிராம சேவகரோடு பொலிஸ் நிலையத்துக்குப் போய் வாயால் சொல்லுங்கள். முடிந்தால் சட்டத்தரணி ஒருவரிடமும் முதலில் பேசுங்கள். அவர்கள் வந்து எடுக்கட்டும். போல்ட்டை இழுத்துப் பார்க்க ஆசை வரும், துருப்பிடித்த ரைபிளில் அதைச் செய்யாதீர்கள், சேம்பரில் நாலாவது தோட்டா இருக்கக் கூடும். அந்த மூன்றையும் அடுப்பில் போடவோ ஆற்றில் எறியவோ வேண்டாம். துவக்கைப் பற்றிச் சொல்லும்போதே அவற்றைப் பற்றியும் சொல்லி, சேர்த்தே ஒப்படையுங்கள்.