கேசட்டுக்குள் வேறொரு பையன்: வாசகர் கேள்வி-பதில்

கேள்வி: மகனின் பத்தாவது பிறந்தநாளுக்காக நின்டெண்டோ டிஎஸ் என்ற கையடக்கக் கேம் கருவி ஒன்றும் 'போக்கிமான் ஹார்ட்கோல்ட்' கேசட்டும் செகண்ட்ஹாண்டில் வாங்கினேன். ஆன் செய்தால் யாரோ ஒரு பையன் விளையாடிய ஆட்டம் அப்படியே இருக்கிறது. புது ஆட்டம் தொடங்கினால் ஓடுகிறது, ஆனால் சேவ் செய்யப் போனால் முடியாது என்கிறது. அழிப்பதற்கு மெனு முழுக்கத் தேடியும் வழி இல்லை. கேசட் பழுதா? விற்றவரிடமே திருப்பிக் கொடுத்துவிடலாமா?

பதில்: வேண்டாம், கேசட் நன்றாகத்தான் இருக்கிறது. இந்த வரிசை கேம்களில் ஒரு கேசட்டுக்கு ஒரே ஒரு சேவ்தான், அதாவது சேமித்த ஆட்டம் ஒன்றுதான். பழையவர் காலி செய்தால்தான் புதியவர் குடிவர முடியும். அழிக்கும் வழியை மெனுவில் வைக்காததற்கும் காரணம் இருக்க வேண்டும். அண்ணன் கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து சேர்த்ததை, தம்பி இரண்டு தட்டில் அழித்துவிட்டால் அந்த வீடு என்ன ஆகும்?

வழி இதுதான். கேமை ஆன் செய்து, தொடக்கக் காட்சிகளைத் தாண்டி, ஹோ-ஓ என்ற அந்தப் பெரிய பறவை தெரியும் தலைப்புத் திரைக்கு வாருங்கள். அங்கே வேறு எதையும் தொடாமல், மேல் அம்புக்குறி, செலக்ட், பி ஆகிய மூன்று பட்டன்களையும் சேர்த்து அழுத்த வேண்டும். முதல் இரண்டையும் அழுத்திப் பிடித்துக்கொண்டு கடைசியில் பி-யை அழுத்தினால் விரல் சிக்காது. சேவ் எல்லாவற்றையும் அழிக்கட்டுமா என்று கேட்கும். ஆம் என்றால் அழித்துவிடும். அழித்து முடிக்கும்வரை பவர் பட்டன் பக்கம் கை போகக் கூடாது.

முதல் கேம்பாய் 'ரெட்', 'ப்ளூ' காலத்திலிருந்து டிஎஸ்ஸில் வந்த 'பிளாக்', 'ஒயிட்' வரை இதே மூன்று பட்டன்கள்தான். டிஎஸ்ஸுக்கு அடுத்து வந்த 3டிஎஸ் கருவியின் 'எக்ஸ்', 'ஒய்' கேம்கள் தொடங்கி, செலக்டுக்குப் பதிலாக எக்ஸ் பட்டன் வந்தது. அதாவது மேல் அம்பு, எக்ஸ், பி.

ஆனால் இதைப் படித்த கையோடு போய் அழுத்திவிடாதீர்கள். உங்களிடம் இருக்கும் அந்தப் பழைய சேவ், வாங்கிய பொருளைச் சோதித்துப் பார்க்க இலவசமாகக் கிடைத்த கருவி. முதலில் அந்த ஆட்டத்தையே தொடருங்கள். பத்தடி நடந்து சேவ் செய்யுங்கள். அணைத்துவிட்டு மீண்டும் ஆன் செய்யுங்கள். நீங்கள் நிறுத்திய இடத்திலேயே ஆள் நின்றால், சேவ் வைக்கும் சிப் வேலை செய்கிறது என்று அர்த்தம். விளையாடிய நேரத்தையும் பாருங்கள். நூறு, இருநூறு மணி நேரம் காட்டினால் அந்தக் கேசட் நன்றாக உழைத்து வந்திருக்கிறது என்று நம்பலாம். அழித்த பிறகு ஏதாவது கோளாறு தெரிந்தால், "நீங்கள் எதையோ அழுத்திக் கெடுத்துவிட்டீர்கள்" என்று விற்றவர் சொல்வார். அப்போது உங்களிடம் காட்டுவதற்கு ஒன்றும் இருக்காது.

இது ஏன் முக்கியம் என்றால், போக்கிமான் கேசட்டுகளுக்குப் போலி அதிகம். போலி முதலில் காலை வாரிவிடுவது பெரும்பாலும் இந்தச் சேவ் விஷயத்தில்தான். உங்கள் ஹார்ட்கோல்டுக்கு இன்னொரு சோதனையும் உண்டு. 'ஹார்ட்கோல்ட்', 'சோல்சில்வர்', 'பிளாக்', 'ஒயிட்' கேசட்டுகளுக்குள் அகச்சிவப்பு ஒளி அனுப்பும் பாகம் இருப்பதால், அவற்றின் பிளாஸ்டிக் கறுப்பாகத் தெரிந்தாலும் பிரகாசமான விளக்குக்கு எதிரே பிடித்தால் லேசாகச் சிவந்து ஒளி ஊடுருவும். ஒளி கொஞ்சமும் புகாத சாதாரணச் சாம்பல் நிறக் கேசட்டாக இருந்தால் சந்தேகப்படுங்கள். 'பிளாட்டினம்', 'டயமண்ட்' கேசட்டுகளில் அகச்சிவப்பு பாகம் கிடையாது. அவை அசலே சாம்பல் நிறம்தான், அவற்றை இப்படிச் சோதிக்க முடியாது.

போலி என்று தெரிந்தால்? கடையில் பில்லோடு வாங்கியிருந்தால் முதலில் கடைக்காரரிடம் எழுத்தில் கேளுங்கள். வாட்ஸ்அப் செய்தியாக இருந்தாலும் போதும். மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ல் புகாரைப் பதியலாம். தெரிந்தவரின் தெரிந்தவர், வீட்டில் சும்மா கிடந்ததை விற்றார் என்றால் அந்த வழி அவ்வளவு எளிதில் கைகொடுக்காது, பேசித்தான் தீர்க்க வேண்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சில வருடங்களுக்கு முன் அக்கா மகனுக்காக நானும் இப்படி ஒரு கேசட் வாங்கினேன். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்காமலே மூன்று பட்டனையும் அழுத்தி அழித்தேன். ஒரு மணி நேரம் கழித்து, விற்ற கல்லூரி மாணவரிடமிருந்து செய்தி வந்தது. ஆறாம் வகுப்பில் முதன்முதலாகப் பிடித்த போக்கிமான் அதில் இருக்கிறதாம், இன்னொரு கேசட்டுக்கு மாற்றித் தர முடியுமா என்று கேட்டிருந்தார். என்ன பதில் எழுதுவது? அதனால் அழிப்பதற்கு முன் விற்றவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். இரண்டு டிஎஸ் இருந்தால், ஹார்ட்கோல்டிலிருந்து 'டயமண்ட்', 'பிளாட்டினம்' போன்ற அதே தலைமுறைக் கேசட் ஒன்றுக்குப் பண்டமாற்றாக அனுப்பலாம், அல்லது 'பிளாக்', 'ஒயிட்'டுக்கு ஒருவழிப் பயணமாக ஏற்றிவிடலாம். அங்கிருந்து நின்டெண்டோவின் பிந்தைய கருவியான ஸ்விட்ச் வரை கொண்டுபோக, போக்கிமான்களை இணையத்தில் வைத்து மாற்றும் 'போக்கிமான் பேங்க்' செயலி 3டிஎஸ்ஸில் வேண்டும். 3டிஎஸ் இணையக் கடையில் வாங்கும் வசதி 2023 மார்ச் 27-ல் மூடப்பட்டுவிட்டதால், முன்பே அதை இறக்கி வைத்திருப்பவர்களுக்குத்தான் அந்தப் பாதை.

கேள்வி: எங்கள் வீட்டில் ஒரு ஸ்விட்ச், இரண்டு பெண்கள். பெரியவள் 'போக்கிமான் ஸ்கார்லெட்'டை முடித்துவிட்டாள். சின்னவளுக்கு முதலிலிருந்து விளையாட வேண்டும். பெரியவள் அழிக்க விடமாட்டேன் என்று அழுகிறாள். சின்னவளுக்கு இன்னொரு கேசட் வாங்கித் தருவதுதான் ஒரே வழியா?

பதில்: காசை வைத்துக்கொள்ளுங்கள், எதையும் அழிக்கவும் வேண்டாம். ஸ்விட்ச்சில் சேவ் கேசட்டுக்குள் போவதில்லை, இயந்திரத்தின் உள் நினைவகத்தில்தான் இருக்கிறது, அதுவும் பயனாளர் வாரியாக. சிஸ்டம் செட்டிங்ஸில் யூசர்ஸ் பகுதிக்குப் போய்ச் சின்னவள் பெயரில் புதுப் பயனாளரைச் சேருங்கள். எட்டுப் பேர் வரை இடம் உண்டு. கேமைத் திறக்கும்போது அவள் படத்தைத் தேர்ந்தெடுத்தால் முதல் காட்சியிலிருந்து தொடங்கும். பெரியவளின் ஆட்டம் அவள் பெயரில் பத்திரமாக இருக்கும்.

இந்த வித்தை பலிக்காத கேமும் உண்டு: 'அனிமல் கிராஸிங்: நியூ ஹொரைசன்ஸ்'. ஓர் இயந்திரத்துக்கு ஒரே தீவுதான், எட்டுப் பேரும் அதே தீவில்தான் குடியிருக்க வேண்டும். முதலில் குடியேறியவர்தான் ஊர்ப் பிரதிநிதி, தீவை வளர்க்கும் பெரிய வேலைகள் அவர் கையில். அடுத்தவர் வெறும் குடித்தனக்காரர். தனித்தீவு வேண்டும் என்றால் இருக்கிற தீவை அழிக்க வேண்டும், அல்லது இன்னொரு ஸ்விட்ச் வாங்க வேண்டும். அக்கா தங்கை சண்டைக்கென்றே செய்த ஏற்பாடு மாதிரி இருக்கிறது!

என்றாவது ஒருநாள் பெரியவளே தன் ஆட்டத்தை அழித்துவிட்டுத் தொடங்க நினைத்தால், சிஸ்டம் செட்டிங்ஸ், டேட்டா மேனேஜ்மென்ட், டிலீட் சேவ் டேட்டா என்று போக வேண்டும். அங்கே கேமைத் தேர்ந்தெடுத்தால் யாருடைய சேவ் என்று கேட்கும். அந்த இடத்தில் மட்டும் பக்கத்தில் பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருக்கட்டும். முகப்பில் கேம் படத்தை மட்டும் நீக்கினால் கேம்தான் போகும், சேவ் போகாது. இடம் போதவில்லை என்று கேமை நீக்குபவர்கள் பயப்பட வேண்டாம். அப்புறம், நின்டெண்டோ ஆன்லைன் சந்தா இருக்கிறதே, கிளவுடில் (இணையச் சேமிப்பில்) நகல் இருக்கும் என்று போக்கிமான் விஷயத்தில் நம்பியிருக்காதீர்கள். 'ஸ்வோர்ட்', 'ஷீல்ட்', 'ஸ்கார்லெட்', 'வயலட்' எதுவும் கிளவுடுக்குப் போகாது. அழித்தால் அழித்ததுதான்.

முதல் கேள்வியில் 3டிஎஸ்ஸுக்குச் சொன்ன மேல் அம்பு, எக்ஸ், பி நினைவிருக்கிறதா? ஸ்விட்ச்சில் வந்த 'ஸ்கார்லெட்', 'ஸ்வோர்ட்' தலைப்புத் திரையில் அதே மூன்றை அழுத்தினால் நடப்பது நேர் எதிர். கேம் தானாக எடுத்து வைத்த பேக்கப்பிலிருந்து தொடரட்டுமா என்று கேட்கும். அழிக்கும் சேர்க்கையையே மீட்கும் சேர்க்கையாக மாற்றிய யோசனை யாருடையதோ தெரியாது, ஆனால் இரண்டு இயந்திரமும் உள்ள வீடுகளில் யாரும் விரல் பழக்கத்தில் அழுத்தக் கூடாது.

கேள்வி: என்னுடைய சின்ன வயது கேம்பாய் 'போக்கிமான் கோல்ட்' கேசட்டை அலமாரியிலிருந்து எடுத்தேன். என் சேவ் காணோம். நான் அழிக்கவே இல்லையே?

பதில்: அழித்தது பேட்டரி. அந்தக் காலக் கேசட்டுக்குள், மின்சாரம் இருக்கும்வரை மட்டும் நினைவு வைத்திருக்கும் சிப் ஒன்றும், அதற்குத் தீனி போட ஒரு வட்ட பேட்டரியும் இருந்தன. 'கோல்ட்', 'சில்வர்' கேசட்டுகளில் அதே பேட்டரிதான் இரவு பகல் காட்டும் கடிகாரத்தையும் ஓட்டியது. அதனால் 'ரெட்', 'ப்ளூ'வைவிட இவை சீக்கிரமே காலியாகும். போன சேவ் திரும்பாது. ஆனால் கேசட் சாகவில்லை. சிஆர்2025 பேட்டரி, தகட்டுக் கால்கள் பற்றவைத்ததாகக் கேட்டு வாங்கி, சால்டரிங் தெரிந்த எலக்ட்ரானிக்ஸ் கடையில் மாற்றச் சொல்லுங்கள். வெறும் பேட்டரியை டேப் ஒட்டி வைத்துத் தருகிறேன் என்பவரிடம் கொடுக்காதீர்கள், கேசட்டை ஆட்டினால் தொடர்பு விடும், சேவ் மறுபடியும் போகும்.

கேம்பாய் அட்வான்ஸ் 'ரூபி', 'சஃபையர்' வைத்திருப்பவர்கள், உள் பேட்டரி தீர்ந்துவிட்டது என்ற செய்தியைக் கண்டு பதற வேண்டாம். அதில் பேட்டரி கடிகாரத்துக்கு மட்டும்தான், சேவ் தனிச் சிப்பில் இருக்கிறது.

கேள்வி: செகண்ட்ஹாண்டில் வாங்கிய ஒரு 3டிஎஸ் கேமில் பழைய சேவ் அழிக்க எந்த பட்டன் சேர்க்கையும் வேலை செய்யவில்லை. 'ரெசிடென்ட் ஈவில்: தி மெர்சனரீஸ் 3டி' என்ற கேம்.

பதில்: அழிக்க வழியே இல்லாத கேம் அது. காப்காம் 2011-ல் வெளியிட்டபோது, சேவ் டேட்டாவை மீண்டும் தொடக்க நிலைக்குக் கொண்டுவர முடியாது என்று கையேட்டிலேயே அச்சிட்டிருந்தார்கள். பழைய கேம் விற்பனையை முடக்கும் தந்திரம் என்று அப்போது பெரிய சத்தம் எழுந்தது. அந்த நோக்கம் இல்லை என்று நிறுவனம் மறுத்தது. நோக்கம் எதுவானாலும், அதைச் செகண்ட்ஹாண்டில் வாங்குபவருக்கு முந்தைய ஆள் திறந்து வைத்த கட்டங்கள், எடுத்த மதிப்பெண்கள் எல்லாம் சேர்த்தேதான் கிடைக்கும். விளையாடலாம், ஒன்றொன்றாகத் திறக்கும் சுகம்தான் இருக்காது. அதற்கேற்ப விலையைக் குறைத்துக் கேட்டிருக்க வேண்டும். நான் அதை வாங்க மாட்டேன்.

கேள்வி: ஸ்டீம் டெக்கில் ஒரு கேமின் சேவ் ஃபைலை அழித்துவிட்டு மறுபடி திறந்தால் பழைய ஆட்டமே வந்து நிற்கிறது. பேய் பிடித்த மாதிரி இருக்கிறது.

பதில்: பேய் இல்லை, ஸ்டீம் கிளவுட். நீங்கள் அழித்தது கையில் இருக்கும் நகலை, கேம் திறக்கும்போது கிளவுடிலிருந்து மறுபடி இறங்கிவிடுகிறது. அந்தக் கேமின் ப்ராபர்டீஸில் கிளவுட் சேமிப்பை நிறுத்திவிட்டுப் பிறகு அழியுங்கள். பிறகு கிளவுடைத் திரும்ப இயக்கும்போது எந்த நகலை வைத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டால், தேதியைப் பார்த்துப் புதியதைத் தேர்ந்தெடுங்கள்.

கேள்வி: என் டிஎஸ் கேசட்டுகளை விற்கப் போகிறேன். என் சேவ் எல்லாம் அழித்துச் சுத்தமாகக் கொடுப்பதுதானே மரியாதை?

பதில்: முன்கூட்டியே அழிக்காதீர்கள். வாங்க வருபவர் முன்னால் உங்கள் ஆட்டத்தைத் திறந்து, சேவ் செய்து, அணைத்து, திரும்ப ஆன் செய்து காட்டுங்கள். அவர் பணத்தைக் கொடுத்த பிறகு, அவர் கையாலேயே மூன்று பட்டனை அழுத்தச் சொல்லுங்கள். பிரிய மனமில்லாத போக்கிமான் ஏதாவது இருந்தால் முந்தைய நாள் இரவே வேறு கேசட்டுக்கு மாற்றி வைத்துவிடுங்கள், என்னை மாதிரி ஆட்களும் வாங்க வருவார்கள்.