வெற்று மார்பும் வலைக்காரனும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பழைய ரோமில் கூட்டத்தின் முன்னால் மோதவிடப்பட்ட கிளாடியேட்டர் வீரர்களைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றை வீட்டில் எல்லோரும் சேர்ந்து பார்த்தோம். அதில் வீரர்கள் கையிலும் காலிலும் கவசம் கட்டிக்கொண்டு, மார்பைத் திறந்துபோட்டு நிற்கிறார்கள். "காலுக்குக் கவசம், நெஞ்சுக்கு இல்லையா? எல்லாம் படமெடுத்தவர்களின் கற்பனை" என்கிறார் என் மாமா. எனக்கு வேறொரு சந்தேகம். ஒருவனிடம் வலை, இன்னொருவனிடம் வாளும் கேடயமும். இது என்ன சண்டை? நீங்கள் பந்தயம் கட்டினால் யார் பக்கம் கட்டுவீர்கள்?

செ.

அன்புள்ள செ.,

படமெடுத்தவர்கள் இந்த விஷயத்தில் சரியாகவே செய்திருக்கிறார்கள். ரோமப் புடைப்புச் சிற்பங்களிலும், சிறு கற்களைப் பதித்துச் செய்த மொசைக் படங்களிலும் பெரும்பாலான கிளாடியேட்டர்கள் இடுப்புத் துணியும் அகலமான இடுப்பு வாருமாக, வெற்று மார்போடுதான் நிற்கிறார்கள். ப்ரொவொகேட்டர் என்ற வகையினர் மட்டும் மேல்மார்பை மறைக்கும் ஒரு தகடு அணிந்தார்கள்.

காரணம் எளிது. கையில் ஒரு கீறல், காலில் ஒரு வெட்டு என்று ஆட்டம் அற்பமாக முடிந்துவிட்டால் கூட்டம் முணுமுணுக்கும். சோறு போட்டுப் பயிற்சி கொடுத்த பள்ளி முதலாளிக்கும் நஷ்டம். அதனால் கைகால்களுக்குக் காப்பு. நெஞ்சையும் மூடிவிட்டால் வந்தவர்கள் எதைப் பார்ப்பது? அதனால் அது திறந்தே இருந்தது. ஆய்வாளர்கள் பலரும் ஏறத்தாழ இப்படித்தான் விளக்குகிறார்கள். எனக்கும் இது பொருத்தமாகப் படுகிறது.

மாமா கேலி செய்த கால்கவசத்துக்குப் பின்னால் ஒரு கணக்கு இருக்கிறது. முர்மில்லோ என்ற வகை வீரனின் கேடயம் உயரமானது, தோளிலிருந்து முழங்கால்வரை மறைக்கும். ஆகவே முன்னால் வைக்கும் இடது காலில் மட்டும் குட்டையான கவசம் போதும். அவனோடு அடிக்கடி மோதவிடப்பட்ட த்ரேக்ஸ் என்ற இன்னொரு வகை வீரனின் கேடயம் சிறியது. அவனுக்கு இரண்டு கால்களிலும் முழங்காலுக்கு மேலே ஏறும் கவசம். கையிலோ வளைந்த குறுவாள். எதிராளியின் பெரிய கேடயத்தைச் சுற்றிக்கொண்டு முதுகையும் விலாவையும் தேடுவதற்கு அந்த வளைவு. ஒருவனிடம் எதைக் குறைத்தார்களோ, அதை வேறொன்றில் ஈடுகட்டினார்கள்.

ஊரே இதில் இரண்டு கட்சியாகப் பிரிந்து கிடந்தது: பெரிய கேடயக் கட்சி, சிறிய கேடயக் கட்சி. சக்கரவர்த்தி டொமிஷியன் முர்மில்லோ பக்கம். 'த்ரேக்ஸ் முர்மில்லோவுக்குச் சளைத்தவனல்ல, ஆட்டத்தை நடத்துகிறவருக்குத்தான் ஈடாகமாட்டான்' என்று ஒரு ரசிகர் வாய்விட்டார். ஆட்டத்தை நடத்துகிறவர் டொமிஷியனேதான். அந்த ரசிகரை இருக்கையிலிருந்து இழுத்து வந்து நாய்களுக்கு முன்னால் போடச் செய்தான் என்று ரோம வரலாற்றாசிரியர் சூட்டோனியஸ் எழுதியிருக்கிறார். இரண்டு கட்சியிலும் சேராமலிருக்கக் கற்றுக்கொடுத்ததற்காகத் தன்னை வளர்த்த ஆசானுக்கு நன்றி சொல்கிறார் மார்கஸ் அரேலியஸ். எனக்குப் பிடித்த சக்கரவர்த்தி அவர்தான் என்பது உங்களுக்குத் தெரியும்.

இனி வலைக்காரன். ரெட்டியாரியஸ் என்று பெயர். வலை, திரிசூலம், ஒரு குத்துவாள். கேடயம் கிடையாது, தலைக்கவசமும் கிடையாது. வலது கை வலை வீச வேண்டும் என்பதால் கைக்காப்பு இடது கையில். இடது தோளில் கழுத்தையும் கன்னத்தையும் மறைக்க நிமிர்ந்து நிற்கும் ஒரு உலோகத் தகடு. முகம் எல்லோருக்கும் தெரியும். அதனாலேயே, தற்செயலாக விழுந்தாலும் இவன் கழுத்தை அறுக்கச் சொல்லி, உயிர் போகும்போது முகம் எப்படியிருக்கிறது என்று சக்கரவர்த்தி கிளாடியஸ் பார்த்துக்கொண்டிருப்பானாம்.

எதிரே வரும் செக்யூட்டர், முர்மில்லோவின் ஆயுதங்களையே ஏந்தியவன். தலைக்கவசம் மட்டும் வேறு: வலை சிக்காமல் வழுக்கிப்போக வழவழப்பான உருண்டை. திரிசூல முனை நுழையாதபடி கண்ணுக்கு இரண்டு சிறிய துளைகள். கிடைத்திருக்கும் கிளாடியேட்டர் தலைக்கவசங்கள் பல 4 கிலோ அளவில் இருக்கின்றன; போர்வீரன் அணிந்ததைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. அந்தப் பித்தளைக் குடத்துக்குள் பக்கவாட்டில் எதுவும் தெரியாது, விட்ட மூச்சையே மறுபடி இழுக்க வேண்டும். வலைக்காரன் ஓடிக்கொண்டே இருப்பது கோழைத்தனமல்ல, அதுதான் அவன் உத்தி. துரத்துகிறவன் களைக்க வேண்டும். செக்யூட்டர் நெருங்கி, சீக்கிரம் முடித்தாக வேண்டும்.

பந்தயத்துக்கு ஒரு சாட்சி தருகிறேன். மாட்ரிட் தொல்லியல் அருங்காட்சியகத்தில் கி.பி. 3ஆம் நூற்றாண்டு மொசைக் ஒன்று இருக்கிறது. கீழிருந்து மேலாகப் பார்க்க வேண்டும். கீழே, அஸ்டியானாக்ஸ் என்ற செக்யூட்டரின் தலையையும் கேடயத்தையும் சேர்த்து மூடியபடி கலெண்டியோ என்ற வலைக்காரனின் வலை விழுந்திருக்கிறது. ஆட்டம் முடிந்தது என்றுதான் யாரும் நினைப்பார்கள். மேலே பார்த்தால் தரையில் கிடப்பவன் கலெண்டியோ. காயத்தோடு குத்துவாளை உயர்த்திச் சரணடைகிறான். அஸ்டியானாக்ஸின் பெயரோடு 'வென்றான்' என்று எழுதியிருக்கிறது. கலெண்டியோவின் பெயருக்குப் பக்கத்தில் குறுக்குக் கோடு போட்ட ஒரு வட்டம்: செத்தான் என்று பொருள். கூட்டம் இரங்கவில்லை.

ஒரு மொசைக்கை வைத்துப் பொதுவிதி சொல்ல முடியாதுதான். ஆனாலும் என் காசு செக்யூட்டர் பக்கம். மாமா வலைக்காரன் பக்கம் கட்டுவதாக இருந்தால், ஆட்டம் நீள வேண்டும் என்று வேண்டிக்கொள்ளட்டும்.