அணியத்தில் ஒரு ரேடியோ

கேள்வி: பாம்பன் ‘கடல் ஓசை’ எஃப்.எம். எப்போது வந்தது? காற்று, அலை என்றே பேசுகிறார்களே?
- வாசகி, மண்டபம்

பதில்: 2016 ஆகஸ்ட் 15, அலைவரிசை 90.4. அதற்கு முன்னால் நம் கரையில் திரும்பிய பக்கமெல்லாம் இலங்கை வானொலிதான். கடல் தாண்டித் தெளிவாகக் கேட்கும், ஆனால் விடிந்தால் பாம்பனில் வள்ளம் இறக்கலாமா என்று அது சொல்லாதே! 2006-இல் மத்திய அரசு தொண்டு நிறுவனங்களுக்கும் சமுதாய வானொலி (அந்தந்த ஊர் மக்களுக்கென்றே நடத்தும் சிறு வானொலி) உரிமம் தரலாம் என்று விதியைத் தளர்த்தியதால்தான் மீனவருக்கென்றே ஒரு நிலையம் வர முடிந்தது. காற்றின் வேகம், அலையின் உயரம் எல்லாம் நம்ம ஊர்ப் பேச்சில் வந்தால் யாருக்குத்தான் காது நிற்காது? என் மாமா பாலித்தீன் பையில் சுற்றிய ரேடியோவை அணியத்தில், அதாவது வள்ளத்தின் முன்பக்கத்தில், கட்டியிருப்பார். கரை மறைந்தால் கரகரப்புதான், சமுதாய வானொலிக்கு அனுமதித்த ஒலிபரப்புச் சக்தி அவ்வளவே. கடலோர நிலையங்களுக்காவது அதைக் கூட்டித் தர வேண்டும்.