அமெரிக்கப் பரிசோதனைத் திரைப்பட இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜின் பெரும்பாலான படங்களில் கதையும் இல்லை, ஒலியும் இல்லை. அதில் எதைத்தான் பார்ப்பது?

அவருடைய கைவேலையைப் பாருங்கள். எனக்கு வழி திறந்தது அப்படித்தான்.

‘மாத்லைட்’ படத்திலிருந்து தொடங்கலாம். 1963-ல் வந்தது, சில நிமிடங்கள்தான். அப்போது பிராக்கேஜிடம் பிலிம் வாங்கக்கூடக் காசில்லை. விளக்குகளில் விழுந்து செத்துக் கிடந்த விட்டில்களைப் பொறுக்கி எடுத்தார். அவற்றின் இறக்கைகளை, பூவிதழ், புல், இலையோடு சேர்த்து, பிலிம் ஒட்டுவதற்கான இரண்டு தெளிவான டேப்புகளுக்கு நடுவே வைத்து ஒட்டினார். அதை அப்படியே லேபில் பிரதி எடுத்தார்கள். கேமராவுக்கு வேலையே இல்லை.

16 எம்.எம். அகல பிலிமில் ஒரு பிரேம், அதாவது ஒரு தனிப்படம், சுண்டுவிரல் நகத்தளவுதான் இருக்கும். இறக்கை அதைவிடப் பெரிது, பல பிரேம்களைத் தாண்டிக் கிடக்கிறது. நொடிக்கு 24 பிரேம் ஓடும்போது ஒவ்வொன்றிலும் அந்த இறக்கையின் வேறொரு துண்டு வருகிறது: இங்கே ஒரு நரம்பு, அடுத்ததில் கிழிந்த ஓரம், அப்புறம் வெறும் வெளிச்சம். செத்த இறக்கை திரையில் படபடக்கிறது. முதலில் போனில் பார்த்தபோது எனக்கு அது வெறும் புள்ளிக்கூட்டமாகத்தான் தெரிந்தது. பிறகு ஒரு திரையிடலில், புரொஜெக்டரின் கடகடப்பைத் தவிர வேறு சத்தமில்லாத இருட்டறையில் பார்த்தேன். உடம்பு சிலிர்த்துவிட்டது.

ஒலி வந்தால் கண் சோம்பிவிடும் என்பதால்தான் பெரும்பாலான படங்களை அவர் மௌனமாக விட்டார். தயவுசெய்து பின்னணியில் பாட்டு போட்டுக்கொண்டு பார்க்காதீர்கள். ‘பச்சை’ என்ற சொல்லே தெரியாமல் புல்வெளியில் தவழும் குழந்தைக்கு அங்கே எத்தனை நிறங்கள் தெரியும் என்று அவர் எழுதியிருக்கிறார். பெயர் சூட்டுவதற்கு முந்தைய அந்தப் பார்வையைத்தான் வாழ்நாள் முழுக்கத் தேடினார்.

கேமராவை அவர் ஒதுக்கிவிடவும் இல்லை. தன் முதல் குழந்தை பிறந்ததை அவரே படம் பிடித்தார், 1959-ல் அது படமாக வந்தது. அதில் ஓரிடத்தில் கேமரா மனைவியின் கைக்குப் போகிறது. பூரித்துப்போன பிராக்கேஜின் முகத்தை நாம் பார்க்கிறோம். எனக்கு மிகவும் பிடித்த இடம் அது.

பின்னாளில் பிலிம் மீதே வண்ணம் தீட்டினார். ‘தாந்தே குவார்டெட்’ (1987) ஆறு வருட உழைப்பு, ஓடுவதோ பத்து நிமிடத்துக்கும் குறைவு. ஒரு கருப்பு 16 எம்.எம். பிலிம் துண்டை நானே ஊசியால் கீறிப் பார்த்தபோதுதான் இந்தக் கணக்கு எனக்கு உறைத்தது. திரையில் ஒரே ஒரு நொடிக்கு 18 சென்டிமீட்டர் பிலிம் வேண்டும், அதாவது 24 குட்டிச் சித்திரங்கள். லேசாகக் கீறினால் ஒரு நிறம், அழுத்திக் கீறினால் வேறொரு நிறம். ஒரு மாலை முழுக்க உட்கார்ந்து நான் முடித்தது மூன்று நொடி.

2003-ல் புற்றுநோயால் இறந்தார். அவர் பயன்படுத்திய சாயங்கள்கூட அதற்குக் காரணமாக இருந்திருக்கலாம் என்ற பேச்சு உண்டு. படுக்கையில் கிடந்த கடைசி நாட்களிலும் பிலிமை விடவில்லை. கருப்பு பிலிமை எச்சிலால் நனைத்து, இளகியதும் விரல் நகத்தால் கீறினார். ‘சைனீஸ் சீரிஸ்’ என்று பெயர். ‘மாத்லைட்’ முடிந்ததும் விளக்கைப் போடாமல் அடுத்ததாக இதைப் பாருங்கள். இருட்டில் வெள்ளைக் கீற்றுகள் துள்ளுவது தெரியும். அத்தனையும் அவர் நகம் பட்ட இடங்கள்.