முதலில் சட்டையைப் பாருங்கள்

கேள்வி: என் பழைய கணினியில் 'பெஸ் 6' கால்பந்து கேம் இருக்கிறது. 1986 உலகக் கோப்பையில் மரடோனா இங்கிலாந்தைத் தோற்கடித்த ஆட்டம் என்றால் அப்பாவுக்கு உயிர். ரசிகர்கள் செய்த மாட் (கேமின் தோற்றத்தை மாற்றும் கோப்புகள்) போட்டால் அதையே ஆடலாம் என்கிறார்கள். நிறையக் கிடைக்கின்றன. எது நல்லது? கேம் கெட்டுப்போகுமா?
– கல்லூரி மாணவர், தூத்தூர், கன்னியாகுமரி மாவட்டம்

பதில்: தம்பி, முதலில் அர்ஜென்டினாவின் சட்டையைப் பாருங்கள். 1986 ஜூன் 22, அஸ்டெகா மைதானம், நண்பகல் வெயில். முந்தைய ஆட்டத்தில் போட்ட பருத்திச் சட்டை கனக்கிறது என்று பயிற்சியாளர் பிலார்டோ லேசான சட்டை கேட்டார். மெக்சிகோ நகரத்துக் கடையில் அவசரமாக வாங்கி, சின்னத்தைத் தைத்து, எண்ணை இஸ்திரி போட்டு ஒட்டினார்கள். அதனால்தான் மரடோனாவின் முதுகில் அந்த 10 வெள்ளியாக மின்னுகிறது. வெறும் நீலமும் வெள்ளை எண்ணும் இருந்தால் அந்த மாட் வேண்டாம்.

அடுத்தது நடுவட்டம். மேலே தொங்கிய ஒலிபெருக்கிகளின் நிழல் அங்கே சிலந்தி மாதிரி விழுந்திருக்கும். அதை வரைந்தவர் அந்த ஆட்டத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தவர், நம்பலாம். எண்களையும் பாருங்கள். அர்ஜென்டினாவில் பெரும்பாலும் அகர வரிசைப்படிதான் எண் கொடுத்தார்கள். கோல்கீப்பர் பும்பிதோவுக்கு 18.

கெட்டுப்போகுமா என்றால், வழியைப் பொறுத்தது. பழைய மாட்கள் கேமின் '.ஏஎஃப்எஸ்' கோப்புக்குள்ளேயே படங்களை மாற்றிவிடும். நகல் எடுக்காமல் அப்படிச் செய்து, மூன்று மாதம் ஆடிய மாஸ்டர் லீக்கை, அதாவது கேமில் ஓர் அணியை நடத்தும் தொடர் ஆட்டத்தை, நான் இழந்திருக்கிறேன். கிட்சர்வர் என்ற துணை மென்பொருள் வழியாகப் போடுங்கள். படங்கள் வெளியே ஒரு ஃபோல்டரில் இருக்கும், மூலக் கோப்பில் கை வைக்காது. சட்டைக்கு ஒரு படம், எண்களுக்குத் தனிப் படம். பிடிக்காததை மட்டும் மாற்றலாம். அந்த வெள்ளி 10-ஐ நானே ஒருமுறை வரைந்தேன். ஒரே சாம்பல் நிறம் பூசினால் தகரம் மாதிரி இருந்தது. நாலைந்து சாம்பல் சாயல்களைப் புள்ளி புள்ளியாக வைத்த பிறகுதான் மினுக்கம் வந்தது. ஒரு ராத்திரி முழுக்கப் போனது, ஆனால் மரடோனா திரும்பி ஓடும்போது பார்த்ததும் உடம்பு சிலிர்த்துவிட்டது.

அப்புறம், வீரர்களின் பெயரும் திறன் எண்களும் ஆப்ஷன் ஃபைலில் இருக்கும். சேவ் ஃபோல்டரில் இருக்கும் பழையதை நகல் எடுத்துவிட்டுப் புதியதைப் போடுங்கள்.

அப்பாவிடம் ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். மாட் மாற்றுவது தோற்றத்தை. ஆட்ட விதி 2006-இல் வந்த கேமுடையதுதான். சொந்த அணி வீரர் காலால் தள்ளிக்கொடுத்த பந்தைக் கோல்கீப்பர் கையில் எடுக்கக் கூடாது என்பது 1992-இல் வந்த விதி. அன்று இங்கிலாந்து கோல்கீப்பர் ஷில்டன் எடுக்கலாம், இதில் முடியாது. 51-ஆவது நிமிடத்தில் மரடோனா கையால் தட்டிப் போட்ட கோலும் வராது. 55-ஆவது நிமிடத்தில் அவர் தனியாகப் பந்தைக் கொண்டுபோய்க் கோல் போட்ட ஓட்டம் வரும். சொந்தப் பாதியில் பந்தை வாங்கி, வலப்பக்கமாகவே போகச் சொல்லுங்கள்.

ஆட்ட நேரத்தைப் பகல் என்று வையுங்கள். இரவு என்றால் அந்தச் சிலந்தி நிழல் இருக்காது.