நோட்டுப் புத்தகத்தில் மலையை நகர்த்தும் பெண்ணுக்கு மேனேஜ்மென்ட் கோட்டா எதற்கு?

அம்மா, உங்கள் கடிதத்தையும், கூடவே அனுப்பியிருந்த நோட்டுப் பக்கங்களையும் படித்தேன். மகள் ப்ளஸ் டூ. ஆறாம் வகுப்பிலிருந்தே அரசுப் பள்ளி, கணக்கில் நல்ல மதிப்பெண். ஆனால் ராத்திரியானால் ஒரு மந்திரப் பள்ளியைப் பற்றிக் கதை எழுதுகிறாள். அந்தப் பள்ளியில் வரைபடத்தில் ஒரு கோட்டினை அழித்து வேறு இடத்தில் போட்டால் நிலம் நகர்கிறது, ஆறு திரும்புகிறது. உங்கள் அண்ணன் இதைப் பைத்தியக்காரத்தனம் என்கிறார். தனியார் கல்லூரி ஒன்றில் மேனேஜ்மென்ட் கோட்டாவில் கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட்டுக்குப் பேசி முடித்துவிட்டார். பணத்துக்கு ஒன்றரை ஏக்கரை அடமானம் வைக்கலாம் என்கிறார். கதை எழுதுவதை எப்படி நிறுத்துவது என்று என்னிடம் கேட்கிறீர்கள்.

நிறுத்த வேண்டாம். அடமானமும் வேண்டாம்.

நோட்டின் மூன்றாம் பக்கத்தில் அவள் எழுதியிருக்கும் பள்ளி விதிகளைப் பாருங்கள். முதலாண்டு மாணவர்கள் வரப்பை மட்டும்தான் நகர்த்தலாம். ஆற்றைத் தொட மூன்று வருடம் காத்திருக்க வேண்டும். மலையை நகர்த்த விரும்புகிறவர், அதன்மேல் பெய்யும் மழை இனி எந்தப் பக்கம் ஓடும் என்பதை முதலில் வரைந்து காட்ட வேண்டும். வெறும் கற்பனையில் மிதக்கிற பிள்ளைக்கு இந்தக் கடைசி விதி தோன்றாது. நிலத்தின் மேடு பள்ளத்தைத் தானாகவே யோசிக்கிற மனது இது. இதைப் பிடுங்கி எறிந்துவிட்டு, அவள் கேட்காத படிப்பில் நான்கு வருடம் உட்கார வைப்பதை நான் ஒருபோதும் சரி என்று சொல்ல மாட்டேன்.

பணக் கணக்கையும் நேராகவே சொல்கிறேன். ஆறாம் வகுப்பு முதல் ப்ளஸ் டூ வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்குப் பொறியியல் கலந்தாய்வில் 7.5 சதவீத ஒதுக்கீடு உண்டு. அதில் சேர்ந்தால் கல்விக் கட்டணம், விடுதிக் கட்டணம் இரண்டையும் அரசே கட்டுகிறது. புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாயும் வரும். மேனேஜ்மென்ட் கோட்டாவில் போய் உட்கார்ந்தால் அந்தக் கட்டணச் சலுகை கைவிட்டுப் போகும். இலவசமாகக் கிடைக்கக்கூடிய படிப்பை விட்டுவிட்டு, நிலத்தை வைத்து வேறு படிப்பு வாங்குவதற்கு அண்ணன் என்ன காரணம் சொல்கிறார்? 'நாலு பேர் கேட்டால் சொல்லிக்கொள்ள' என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த நாலு பேர் வட்டி கட்ட மாட்டார்கள்.

மருத்துவம், ஐடி, வங்கித் தேர்வு பற்றியெல்லாம் உங்களுக்குச் சொல்ல ஊரே இருக்கிறது. யாரும் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன்: ஜியோஇன்ஃபர்மேட்டிக்ஸ், அதாவது நிலத்தை அளந்து, வரைபடமாக்கி, கணினியில் ஆராயும் புவித் தகவலியல். அண்ணா பல்கலைக்கழகத்தின் கிண்டி பொறியியல் கல்லூரியில் இதற்கென்றே பி.இ. படிப்பு இருக்கிறது. சேர்க்கை வழக்கமான கலந்தாய்வு வழியாகத்தான், தனி நுழைவுத் தேர்வு கிடையாது. உங்கள் மகளுக்கு இதையும் சொல்லுங்கள்: அந்தக் கல்லூரியின் வேரே ஒரு வரைபடப் பள்ளிதான். 1794-ல் சென்னையில் நில அளவை கற்றுக்கொடுக்கத் தொடங்கிய சிறு பள்ளி அது. எட்டு வருடம் கழித்து, 1802 ஏப்ரலில், பரங்கிமலைப் பக்கம் வில்லியம் லாம்டன் என்ற ஆங்கிலேய ராணுவ அதிகாரி சங்கிலி போட்டு ஏறக்குறைய 12 கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரு நேர்கோட்டினை அளந்தார். அங்கிருந்து முக்கோணம் முக்கோணமாக வடக்கே போன அளவை இமயமலை வரை சென்றது. எவரெஸ்ட்டின் உயரம் கணக்கில் பிடிபட்டதும் அந்த வேலையில்தான்.

படிப்பில் என்ன இருக்கும்? நில அளவை, செயற்கைக்கோள் படங்களைப் படிப்பது, ஜிபிஎஸ், கணினியில் வரைபடம், அதற்கு வேண்டிய நிரல் எழுதுதல். ஆக, அண்ணனுக்குப் பிடித்த கம்ப்யூட்டரும் உள்ளேயே இருக்கிறது.

அவளுடைய மந்திரத்தை இப்போதே செய்து பார்க்க ஒரு வழி சொல்கிறேன். 2000-ம் ஆண்டு பிப்ரவரியில் எண்டெவர் விண்கலம் 11 நாள் பறந்து, பூமியின் பெரும்பகுதி நிலத்துக்கு ரேடாரால் உயரம் எடுத்தது. சுமார் 30 மீட்டருக்கு ஒரு எண் என்ற கணக்கில் அந்தத் தரவு இலவசமாகக் கிடைக்கிறது. கியூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருளும் இலவசம். பள்ளிக் கணினியிலோ தெரிந்தவர் லேப்டாப்பிலோ அதை ஏற்றி, உங்கள் பகுதியின் உயர எண்களைத் திறக்கச் சொல்லுங்கள். மழைநீர் எங்கே சேர்ந்து எந்த வழியாக ஓடும் என்பதை மென்பொருள் கோடு போட்டுக் காட்டும். பிறகு ஒரு மேட்டின் எண்களைக் குறைத்துவிட்டு மறுபடி கணக்கிடச் சொல்லுங்கள். ஓடை வேறு பக்கம் திரும்பும். அவள் மூன்றாம் பக்கத்தில் எழுதிய விதி அப்படியே திரையில் தெரியும். வெள்ளம் எந்தத் தெருவில் நுழையும், தடுப்பணையை எங்கே கட்டுவது என்று பார்ப்பவர்கள் தினமும் செய்கிற வேலையும் இதுதான். டேராடூனில் உள்ள இந்தியத் தொலை உணர்வு நிறுவனம் இணையத்தில் கட்டணமில்லா வகுப்புகள் நடத்துகிறது. ஆங்கிலம் முதலில் கொஞ்சம் மிரட்டும், போகப் போகப் பழகிவிடும்.

அப்புறம், கையில் காகிதத்தோடும் ஒரு வேலை. பட்டா எடுக்கிற அதே அரசு இணையதளத்தில் உங்கள் நிலத்தின் எல்லைகளையும் அளவுகளையும் காட்டும் எஃப்.எம்.பி. வரைபடமும் கிடைக்கும். அதை அச்செடுத்து, ஒரு டேப்போடு அவளை வயலுக்கு அனுப்புங்கள். எல்லைக் கல்லிலிருந்து கல்லுக்கு அளந்து, படத்தில் உள்ள எண்ணோடு ஒத்துப்போகிறதா என்று பார்க்கட்டும். 1:2000 அளவில் வரைந்த படத்தில் ஒரு மில்லிமீட்டர் என்பது தரையில் 2 மீட்டர். 100 மீட்டர் நீள வரப்பை அந்த ஒரு மில்லிமீட்டர் தள்ளிப் போட்டால் கிட்டத்தட்ட 5 சென்ட் நிலம் பக்கத்து வீட்டுக்காரருக்குப் போய்விடும். எத்தனை அண்ணன் தம்பிகள் இந்த ஒரு கோட்டுக்காகக் கோர்ட்டில் நிற்கிறார்கள் என்பது உங்களுக்கே தெரியும். வெயிலில் அரை நாள் அளந்த பிறகும் அவளுக்கு ஆசை குறையவில்லையென்றால், வேறு எந்தத் திறனறித் தேர்வும் தேவையில்லை. சலித்துவிட்டது என்று அவளே சொன்னால் அதையும் மதியுங்கள்.

'பொம்பளப் பிள்ளை வெயிலில் கோல் பிடித்து அலையணுமா' என்று அண்ணன் கேட்டதாக எழுதியிருக்கிறீர்கள். களப்பணி உண்டுதான். ஆனால் வேலையில் பெரும்பகுதி கணினி முன்னால் நடக்கிறது. களத்துக்குப் போகிற நாளைக்கூட அவள் ஆசைப்பட்டுத்தான் போவாள். அந்த முடிவு அவளுடையது, மாமாவுடையது அன்று.

குறைகளையும் சொல்லாமல் விட்டால் சரியாகாது. ஐடி நிறுவனங்கள் வளாகத்தில் வரிசைகட்டி வந்து அள்ளிக்கொண்டு போவதைப் போல இங்கே எதிர்பார்க்கக் கூடாது. தொடக்கச் சம்பளம் சுமாராக இருக்கலாம். நிரல் எழுதத் தெரியாமல், படத்தின்மேல் கோடு இழுக்க மட்டும் தெரிந்தவர்கள் அங்கேயே தேங்கிவிடுகிறார்கள். அதனால் பைத்தான் என்ற நிரல் மொழியை முதல் வருடத்திலேயே கற்றுக்கொள்ள வேண்டும். இன்னொன்று, ஆறு மாதத்தில் ஜிஐஎஸ் (கணினி வரைபட வேலை) சான்றிதழ் என்று பெரிய தொகை கேட்கும் பயிற்சி மையங்களுக்குப் பத்துப் பைசா கட்டாதீர்கள். மறுபுறம், 2021 பிப்ரவரியில் வந்த மத்திய அரசு நெறிமுறைகளுக்குப் பிறகு, இந்திய நிறுவனங்கள் வரைபடம் தயாரிக்க முன் அனுமதிக்கு அலைய வேண்டியதில்லை. அரசுத் துறைகளோடு தனியார் துறையிலும் இந்த வேலைக்கு இடம் திறந்திருக்கிறது.

கட்-ஆஃப் போதவில்லையென்றால்? அரசுக் கல்லூரியில் சிவில் எடுக்கலாம், அதில் நில அளவை பாடமாகவே வரும். பி.எஸ்சி. புவியியல் படித்துவிட்டு முதுகலையில் இந்தப் பக்கம் திரும்பலாம். ஐடிஐ-யில் சர்வேயர் பிரிவு இரண்டு வருடம்தான். நில அளவர், வரைவாளர் பணிகளுக்கு டிஎன்பிஎஸ்சி அறிவிப்பு வரும்போது அந்தச் சான்றிதழ் கைகொடுக்கும். இதில் எதையும் மட்டமாக நினைக்காதீர்கள்.

கலந்தாய்வில் விருப்பப் பட்டியல் நிரப்பும்போது ஒரு விஷயத்தில் கவனமாக இருங்கள். மேலே எதை வைக்கிறீர்களோ, இடம் இருந்தால் அதைத்தான் கொடுப்பார்கள். அண்ணன் மனம் நோகக் கூடாது என்று கம்ப்யூட்டர் சயின்ஸை மேலே போட்டுவிட்டு, புவித் தகவலியலைக் கீழே தள்ளினால், மேலே உள்ளது கிடைத்துவிட்ட பிறகு இது வராது. முதல் வரியில் கிண்டி புவித் தகவலியல் இருக்கட்டும். பட்டியலைப் பூட்டும் முன் மகளே ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பார்க்கட்டும்.