கிட் இருக்கு, ஆனா அவசரத்துக்கு ஒண்ணுமே ஒட்டல!

கேள்வி: சார், ட்ரெக்கிங்குக்குன்னு மூணு வருஷம் முன்னாடி '100 பீஸ்'னு போட்ட ஃபர்ஸ்ட் எய்ட் கிட் ஒண்ணு வாங்கி கார் டிக்கியிலயே வெச்சிருந்தேன். போன மாசம் ஃப்ரெண்ட் வழுக்கி விழுந்து முட்டி கிழிஞ்சப்போ திறந்தா, பிளாஸ்டர் ஒட்டவே மாட்டேங்குது, கிளவுஸ் மாட்டும்போதே பிஞ்சிடுச்சு. வேற கிட் வாங்கணுமா?

பதில்: கிட்டா வாங்காதீங்க. பையும் ஜிப்பும் நல்லா இருந்தா அதையே வெச்சுக்கிட்டு உள்ள இருக்கறத மட்டும் மாத்துங்க. அந்த 100 பீஸை கொட்டி எண்ணிப் பாருங்க, முக்கால்வாசி குட்டி பிளாஸ்டரும் துடைக்கிற வைப்ஸும்தான் இருக்கும், ரத்தம் கொட்டும்போது அழுத்திப் பிடிக்க பெரிய காஸ் துணி (gauze) ரெண்டு இருந்தாலே அதிசயம். ஸோ பெரிய காஸ், ரோலர் பேண்டேஜ், க்ரேப் பேண்டேஜ், மைக்ரோபோர் டேப், நல்ல கத்திரிக்கோல், லேட்டக்ஸ் இல்லாத நைட்ரைல் கிளவுஸ் இதெல்லாம் தனித்தனியா வாங்கிப் போடுங்க.

உங்க கிட்டை கெடுத்தது டிக்கிதான். பூட்டின கார் வெயில்ல நின்னா உள்ள என்ன சூடு ஏறும்னு உங்களுக்கே தெரியும், ஆனா மாத்திரை அட்டையில 25 இல்லன்னா 30 டிகிரிக்குக் கீழ வைக்கச் சொல்லித்தான் போட்டிருப்பான். அந்த சூட்டுல பிளாஸ்டர் பசை போயிடும், லேட்டக்ஸ் கிளவுஸ் இத்துப்போகும், ஆல்கஹால் ஸ்வாப் உள்ளுக்குள்ளயே காஞ்சிடும். எக்ஸ்பைரி தேதி என்னவோ இன்னும் பாக்கி இருக்கும், அத நம்பி பிரயோஜனம் இல்ல. வீட்டுக்குள்ள வெச்சு, கிளம்பும்போது எடுத்துட்டுப் போங்க.

மூணு மாசத்துக்கு ஒரு தடவை எல்லாத்தையும் வெளிய எடுத்துப் பாக்கணும். காஸ் பாக்கெட் ஓரம் விட்டுருந்தாலோ ஈரம் பட்டிருந்தாலோ அது ஸ்டெரைல் (கிருமி இல்லாதது) கிடையாது, ஓஆர்எஸ் கட்டி தட்டியிருந்தா தூக்கிப் போடுங்க. டார்ச்சுல பேட்டரிய போட்டே வைக்காதீங்க, கசிஞ்சு பச்சையா பூத்துடும். மாத்திரை வாங்கும்போது கடைக்காரர் நறுக்கித் தர்ற துண்டுல பாதி நேரம் தேதியே இருக்காது, அதனால முழு அட்டையா கேளுங்க. மாசம் வருஷம் மட்டும் போட்டிருந்தா அந்த மாசக் கடைசி நாள் வரைக்கும் கணக்கு.

டூர்னிக்கெட், அதாவது கை கால்ல ரத்தம் நிக்காம கொட்டினா குச்சியால முறுக்கி இறுக்கற பட்டை, வைக்கிறதா இருந்தா மட்டும் கஞ்சத்தனம் வேணாம், பாக்க அச்சு அசல் மாதிரியே இருக்கற போலி நிறைய வருது, முறுக்கும்போது குச்சி படக்குனு ஒடிஞ்சிடும். பழகறதுக்கு தனியா ஒண்ணு வாங்குங்க, கிட்ல இருக்கறத தொடாதீங்க.

இன்னொரு தொல்லை, "தலைவலிக்கு ரெண்டே மாத்திரை"ன்னு வீட்டாளுங்க எடுப்பாங்க, திருப்பி வைக்க மாட்டாங்க. நான் ஜிப் ரெண்டையும் சேத்து மெல்லிசா ஒரு நூல் கட்டி வெச்சிருக்கேன், கையால இழுத்தாலே அறுந்துடும். நூல் அறுந்திருந்தா யாரோ கை வெச்சிருக்காங்கன்னு அர்த்தம், அன்னிக்கே கொட்டி எண்ணிடுவேன்.